சாவி கையில் இருந்தால்தான் பயணம்

ஒற்றைத் தடத்தில் எதிரெதிராக வரும் இரண்டு இரயில்கள் ஒன்றுக்கொன்று விலகிச் செல்ல வழியில்லை. எதிர்வண்டியைக் கண்ணால் கண்டபின் ஓட்டுநர் வண்டியை நிறுத்த முயல்வது, பெரும்பாலும் காலங்கடந்த செயலாகிவிடும். ஆகவே, வண்டி புறப்படுமுன்னரே தடம் காலியாக உள்ளதென உறுதி செய்தல் வேண்டும். தானியங்கிக் கருவிகள் வருமுன் இப்பொறுப்பைச் சுமந்தவர்கள் நிலைய அதிபர்களும் கைகாட்டி ஊழியர்களுமே ஆவர்.

தந்திச் செய்தியை மட்டும் நம்பினால் என்ன நேரும் என்பதை 1874ஆம் ஆண்டு செப்டம்பர் 10ஆம் நாள் இங்கிலாந்து கண்டது. அஞ்சல் வண்டியை அனுப்பலாம் என்று நார்விச் நிலையத்திலிருந்து பிரண்டல் நிலையத்திற்குத் தந்தி சென்றது. நார்விச்சிலிருந்தும் ஒரு விரைவு வண்டி அதே தடத்தில் புறப்பட்டது. பிழையை உணர்ந்து மறுதந்தி அடித்தபோது, அஞ்சல் வண்டி கிளம்பிவிட்டிருந்தது. தோர்ப் என்னுமிடத்தில் இரண்டும் மோதின. 25 பேர் மாண்டனர்.

இதன்பின் எட்வர்ட் டயர் என்பவர் 1878இல் ஒரு மின்கருவியை அமைத்தார். அண்டையிலுள்ள இரு நிலையங்களிலும் இக்கருவி இருக்கும். வண்டியை அனுப்ப விரும்பும் அதிபர் முதலில் மணியொலி எழுப்பி அடுத்த நிலையத்தைக் கேட்பார். அங்குள்ளவர் இசைந்து மின்னோட்டம் தந்தால்தான் கருவியிலிருந்து வில்லை ஒன்றை எடுக்க இயலும். அது மீண்டும் கருவியில் இடப்படும்வரை, இரு நிலையங்களிலும் மற்றொரு வில்லை வெளிவராது. பிற்காலத்தில் வில்லைக்குப் பதிலாகச் சாவி வழக்கத்திற்கு வந்தது.

சாவியைப் பெரிய வளையத்தில் இணைத்து ஓட்டுநரிடம் கொடுப்பார்கள். ஓடும் வண்டியிலிருந்தே பழைய வளையத்தைக் கொடுத்துப் புதியதைப் பெறுவதும் உண்டு. தம் கையிலுள்ளது சரியான பகுதிக்குரிய சாவிதானா என்று ஓட்டுநர் பார்த்தறிதல் கடமையாகும். சிங்கப்பூரின் புக்கிட் தீமா நிலையத்தில் 2011ஆம் ஆண்டு ஜூன் 30ஆம் நாள்வரை இம்முறை நடைமுறையில் இருந்தது.

கைகாட்டி ஊழியரின் பணியும் இத்தகையதே. அவர் நெம்புகோலை இழுத்தால், நீண்ட கம்பி தொலைவிலுள்ள கைகாட்டியை அசைக்கும். கை கிடையாக நின்றால் வண்டி நிற்க வேண்டும். தடம் சரியாகப் பொருந்தாவிடில் கைகாட்டியின் நெம்புகோல் அசையாதவாறு பூட்டுகள் அமைந்திருந்தன.

களைப்பும் மறதியும் மனிதர்க்கு இயல்பு. அவற்றால் உயிர் போகாதிருக்கவே இவ்வேற்பாடு. தொழிற்சாலையில் உருளை இயந்திரத்தைத் துப்புரவு செய்யுமுன் விசையை நிறுத்திப் பூட்டி, சாவியை நம் கையிலேயே வைத்துக்கொள்வதும் இந்நெறியே ஆகும். "நிறுத்திவிட்டேன்" என்னும் சொல்லைவிட, கையிலுள்ள சாவியே நமக்கு உறுதியான காவல்.