ஆவணப்படங்களில் நகரமும் இயந்திரமும்: பேசும் தமிழ் யாருடையது?

முன்னுரை

இரண்டாம் உலகப்போருக்குப் பிந்தைய இந்திய நகரங்களின் தொழில்நுட்ப மாற்றத்தை மக்களுக்கு எடுத்துரைத்த ஊடகங்களுள் ஆவணப்படம் குறிப்பிடத்தக்கது. அப்படங்களில் நகர நவீனமயத்தைப் பற்றிப் பேசுவோர் யார், எத்தகைய தமிழில் பேசுகின்றனர் என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

அரசுப் படங்களின் குரல்

1943-இல் ஆங்கிலேய அரசு போர்ப் பரப்புரைக்காக 'இன்பர்மேஷன் பிலிம்ஸ் ஆஃப் இந்தியா' என்னும் அமைப்பை நிறுவியது. அதன் படங்களைத் திரையரங்குகள் கட்டாயமாகத் திரையிட வேண்டியிருந்தது. 1946-இல் அவ்வமைப்பு மூடப்பட்டது. 1948-இல் விடுதலை பெற்ற இந்தியா 'பிலிம்ஸ் டிவிஷன்' நிறுவனத்தைத் தொடங்கியபோது, திரையரங்க உரிம நிபந்தனையின் வழியே கட்டாயத் திரையிடலும் மீண்டது. போருக்காக உருவான வழிமுறை வளர்ச்சித் திட்டங்களுக்குக் கைம்மாறியது.

அணை, ஆலை, இருப்புப்பாதை ஆகியவற்றைக் காட்டிய இப்படங்களில் காட்சி ஒன்றே. விளக்கவுரை மட்டும் மொழிதோறும் மாற்றிப் பதியப்பட்டது. எனவே சென்னைத் திரையரங்கில் ஒலித்த தமிழ், படத்தில் தோன்றியோரின் தமிழன்று. படத்தின்மேல் ஏற்றப்பட்ட தமிழ். அது வட்டாரச் சாயல் நீக்கிய எழுத்துநடை சார்ந்தது. இயந்திரத்தை இயக்கிய தொழிலாளி காணப்பட்டார். அவர் குரல் கேட்பது அரிதாயிற்று.

சுயாதீனப் படங்களின் குரல்

ஆர்.பி. அமுதனின் 'பீ' (2003) மதுரையில் மலம் அள்ளும் பெண் துப்புரவுப் பணியாளர் ஒருவரின் வேலையைப் பின்தொடர்கிறது. திவ்யபாரதியின் 'கக்கூஸ்' (2017) தமிழகத்தின் பல பகுதிகளைச் சேர்ந்த துப்புரவுப் பணியாளர்களின் வாக்குமூலங்களைத் தொகுக்கிறது. கையால் மலம் அள்ளுவதைத் தடுக்க 1993-லும் 2013-லும் நடுவண் அரசு சட்டங்கள் இயற்றிய பின்னரும் அவ்வேலை தொடர்வதை இவை முறையே பதிவுசெய்கின்றன.

அரசுப் படம் இயந்திரம் வந்த இடத்தைக் காட்டியது. இவை இயந்திரம் வராத இடத்தைக் காட்டுகின்றன. இவற்றில் பேச்சுவழக்கே சான்றாகிறது. அதனை எழுத்துநடைக்கு மாற்றினால் பொருள் எஞ்சும், பேசுபவர் மறைவார்.

முடிவுரை

ஏரியைச் சார்ந்த ஊராக விளங்கிய செம்பாக்கம் 2021-இல் தாம்பரம் மாநகராட்சியில் இணைந்தது. இத்தகைய புறநகர்களின் மாற்றத்தை நாளை ஆவணப்படுத்துவோர், சாலையையும் அடுக்ககத்தையும் காட்டுவதோடு கழிவுநீர் எங்குச் செல்கிறது, அதனை யார் அகற்றுகின்றனர் என்பதையும் அவர்தம் மொழியிலேயே கேட்டாக வேண்டும். ஆவணப்படத்தின் உரையாடலைப் பெயர்த்தெழுதி வழக்காற்றுப் பனுவலாக ஆராய்வது தமிழாய்வின் கடமையாகும்.