புற்று இருந்தால்தான் புற்றுக் காளான்

இடி மழைக்குப் பின் புற்றிலும் வரப்பிலும் திடீரெனக் குடை விரிப்பது புற்றுக் காளான். மூன்று நான்கு நாட்களில் அழுகி மறைந்துவிடும். ருசி மிக்க இக்காளான், வைக்கோலில் வளர்க்கும் காளான்களைப் போல் விருப்பம்போல் விளைவதில்லை. காரணம், அதைப் பயிரிடுவது மனிதனல்ல, கறையான்.

வளரும் விதம்

கறையான்கள் சருகு, காய்ந்த மரம் முதலியவற்றைத் தின்று, எச்சத்தால் மண்ணுக்கடியில் பஞ்சு போன்ற கூடு கட்டுகின்றன. அதில் பூசணம் படர்ந்து வெள்ளை மணிகள் தோன்றும். அவையே கறையானுக்கு உணவு. மழை பெய்து பருவம் வாய்த்தால், அதே பூசணம் மண்ணைத் துளைத்துக் காளானாக வெளிவரும். ஆப்பிரிக்காவின் ஜாம்பியாவில் இவ்வினத்துக் காளான் ஒன்றின் குடை 1 மீட்டர் அகலம்கூட விரியும். நம் நாட்டு வகை ஒன்றுக்குச் சென்னைப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கே. நடராஜன் 1979-ல் 'டெர்மிட்டோமைசிஸ் ஹெய்மி' எனப் பெயரிட்டார்.

அடையாளம்

காம்பின் அடிப்பகுதி வேர் போல நீண்டு கறையான் கூடு வரை செல்லும். ஒரு காளானை மட்டும் மெதுவாகத் தோண்டிப் பார்க்கலாம். அடியில் கிண்ணம் போன்ற உறை இருந்தால் தொடக் கூடாது. விரிந்த குடையொன்றின் காம்பை நறுக்கி, மடிப்புப் பக்கம் கீழாக, பாதி வெள்ளையும் பாதி கறுப்புமான தாளில் இரவு முழுவதும் மூடி வைக்க வேண்டும். புற்றுக் காளானின் தூள் இளஞ்சிவப்பாக விழும். பச்சையாகவோ வெள்ளையாகவோ விழுந்தால் எறிந்துவிட வேண்டும். நச்சுக் காளான் சிலவற்றுக்கும் இளஞ்சிவப்புத் தூள் உண்டு. ஆகவே, அனுபவப்பட்டவர் பார்த்துச் சொல்லாமல் சமைக்கலாகாது.

வெள்ளிக் காசு கறுக்காவிட்டால் நல்லது, பூச்சி தின்றால் நல்லது என்பவை வெறும் நம்பிக்கைகள். கொடிய நஞ்சு வேகவைத்தாலும் போகாது. சிலவற்றைத் தின்று 6 மணி நேரம் கழித்தே வாந்தி பேதி தொடங்கும். பின்னர் ஈரல் கெடும். சந்தேகம் வந்தால் மீதிக் காளானையும் எடுத்துக்கொண்டு உடனே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும்.

காக்கும் முறை

ஈசல் பறந்து புதுப் புற்று வைக்கும்போது, பெரும்பாலான வகைகளில் முதல் வேலைக்காரக் கறையான்கள் காளான் தூளை வெளியிலிருந்தே கொண்டுவர வேண்டும். எனவே எல்லாக் குடைகளையும் பறித்துவிட்டால் புதுப் புற்றுகளுக்கு விதை இராது. விரிந்த குடைகள் சிலவற்றை விட்டுவைப்பது நல்லது. புற்றை உடைத்துக் கூட்டைக் கலைத்தால் அடுத்த மழைக்கு அங்கே காளான் எதிர்பார்க்க முடியாது.

கரும்புக் கரணையையும் தென்னங்கன்றையும் கறையான் அரிப்பது உண்மையே. பெரியகுளம் வட்டத்து ஜெயமங்கலம் போன்ற ஊர்களின் சிறு விவசாயிகள் சேதமுள்ள இடத்தில் மட்டும் மருந்திட்டு, பயிருக்கு எட்டத்திலுள்ள புற்றுகளை விட்டுவைக்கலாம். மருந்திட்ட புற்றின் காளானைத் தின்னக் கூடாது.

விற்பனைக்குக் காளான் வேண்டுவோர் புற்றை நம்ப வேண்டாம். தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் ஏ.பி.கே. 2 பால் காளான் நம் வெப்பத்திலும் வைக்கோலில் நன்கு வளரும்.