525 மடங்கை நம்பலாமா?

கேள்வி: ஏழாம் வகுப்புப் படிக்கும் மகள் டெலஸ்கோப் கேட்கிறாள். '525 மடங்கு பெரிதாக்கும்' என்று போட்ட ஒன்று மலிவாகக் கிடைக்கிறது. வாங்கலாமா?
- வாசகர், விருதுநகர்

பதில்: வேண்டாம். பெட்டியில் கொட்டை எழுத்தில் போட்டிருக்கும் மடங்கை விடுங்கள். முகப்பு லென்ஸின் (அல்லது ஆடியின்) விட்டத்தைப் பாருங்கள். மில்லிமீட்டருக்கு 2 மடங்கு, அதுதான் உச்சவரம்பு. 60 மி.மீ. கருவிக்கு 120. அதற்குமேல் போனால் கலங்கல்தான். சனியின் வளையம் தெரிய 50 மடங்கே போதும். இத்தகைய மலிவுக் கருவியின் ஆடும் முக்காலி இன்னும் மோசம். தொட்டாலே கிரகம் ஓடிவிடும்! மேசைமேல் வைக்கும் 114 அல்லது 130 மி.மீ. 'டாப்சோனியன்' வகை ஆடி டெலஸ்கோப் கட்டுப்படியானால் அதை வாங்குங்கள். கையைக் கடிக்கிறதா? 10 மடங்கு, 50 மி.மீ. பைனாகுலர் வாங்கிக்கொடுங்கள். நிலாவின் பள்ளங்கள், கார்த்திகைக் கூட்டம், முழங்கையை ஊன்றிப் பிடித்தால் வியாழனின் 4 பெரிய நிலாக்கள் எல்லாம் தெரியும். எதுவானாலும் சூரியன் பக்கம் மட்டும் திருப்ப விடாதீர்கள், கண் போய்விடும்.