விளையாட்டு திறக்கவில்லையா? திரையில் வரும் எண்ணைப் படியுங்கள்

திருப்பதியில் இருக்கும் என் அக்காள் மகன் பொறியியல் இறுதியாண்டு படிக்கிறான். ஒரு வியாழக்கிழமை இரவு சித்தூருக்குத் தொலைபேசியில் அழைத்தான். "மாமா, வேலரண்ட் கேம் திறக்க மாட்டேங்குது. வி.ஏ.என். 9001னு ஒரு நம்பர் வருது. கூடப் படிக்கிற பசங்க எல்லாம், நீ ஏதோ திருட்டு வேலை பண்ணிருக்கே, அதான் கம்பெனிக்காரன் பிடிச்சுட்டான்னு சொல்றாங்க" என்றான். அழாத குறைதான். சனிக்கிழமை கல்லூரி விழாவில் போட்டி. ஐந்து பேர் கொண்ட அணியில் இவனும் ஒருவன்.

விளையாட்டு என்றால் கபடியும் கேரம் பலகையும் நினைவுக்கு வரும் தலைமுறை நம்முடையது. ஆயினும் நம் வீட்டுப் பிள்ளைகள் பலருக்கு இன்று இது கௌரவப் பிரச்சினை. ஆகவே இந்த எண்கள் என்ன சொல்கின்றன என்பதைப் பெற்றோரும் தெரிந்துகொள்வது நல்லது.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிவிடுவோம். 9001 என்பது குற்றச்சாட்டு அன்று. "உன் கணிப்பொறி ஒழுங்கான முறையில்தான் தொடங்கியது என்பதற்கு எனக்குச் சான்று கிடைக்கவில்லை" என்பதே அதன் பொருள். மருமகனுக்கு இதைச் சொன்னதும் பாதி மூச்சு திரும்பியது.

சான்று எதற்கு? வலைவழி ஆட்டங்களில் சுவருக்குப் பின்னால் நிற்கும் எதிரியைக் காட்டவும், குறியைத் தானாகத் திருப்பவும் ஏமாற்று நிரல்கள் விற்கப்படுகின்றன. நம் நாட்டுக்கே இதனால் ஒரு தலைகுனிவு நேர்ந்தது. 2018 அக்டோபரில் ஷாங்காய் நகரில் நடந்த கவுண்டர் ஸ்ட்ரைக் போட்டியில் ஆப்டிக் இந்தியா அணியின் வீரர் ஒருவர் ஏமாற்று நிரலோடு பிடிபட்டார். அந்த நிரலுக்கு வைத்திருந்த பெயர், கடிதம் தட்டச்சு செய்யும் 'வேர்டு'! அணி முழுவதும் போட்டியிலிருந்து நீக்கப்பட்டது. பிறகு அணியே கலைக்கப்பட்டது. ஒருவர் செய்ததற்கு மற்ற நால்வரும் சேர்ந்து ஊர் திரும்பினார்கள்.

ஏமாற்று நிரல்களைப் பிடிக்கத்தான் காவல் நிரல்கள் வந்தன. 2020இல் வெளியான வேலரண்டுக்கு 'வேன்கார்டு' காவல். வேறு பல ஆட்டங்களுக்கு 'ஈஸி ஆன்டி-சீட்', 'பேட்டில் ஐ' போன்றவை உள்ளன. இவை எங்கே உட்காருகின்றன என்பதில்தான் விஷயம் இருக்கிறது. நாம் திறக்கும் சாதாரண நிரல்கள் கோயிலின் வெளிப் பிராகாரத்தில் நிற்கும் பக்தர்களைப் போன்றவை. விண்டோஸின் உள் மையமான 'கெர்னல்' கருவறை. ஏமாற்று நிரல்கள் கருவறைக்குள்ளேயே புகுந்து ஒளியத் தொடங்கியதால் காவலும் அங்கே போய் உட்கார்ந்துவிட்டது.

ஆனால் காவலுக்கு முன்பே திருடன் உள்ளே போய்விட்டால்? திருமலைக்குச் செல்லும் வண்டிகளை அலிபிரியிலேயே நிறுத்திச் சோதிக்கிறார்கள் அல்லவா? மலை ஏறிய பிறகு சோதித்துப் பயனில்லை. கணிப்பொறிக்கு அந்த அலிபிரிதான் 'செக்யூர் பூட்'. விண்டோஸைத் தொடங்கும் கோப்பில் முறையான மின்-கையொப்பம் இருக்கிறதா என்று பார்த்த பின்பே அது மேலே விடும். வழியில் என்னென்ன ஏறின என்று மாற்ற முடியாத முறையில் குறித்து வைப்பது டி.பி.எம். என்னும் சிறு பகுதி. இன்டெல் கணிப்பொறிகளில் இதன் பெயர் பி.டி.டி.; ஏ.எம்.டி. கணிப்பொறிகளில் எஃப்.டி.பி.எம். விண்டோஸ் 11 உள்ள கணிப்பொறியில் இவ்விரண்டும் இயங்காவிட்டால் வேன்கார்டு 9001 என்று சொல்லும். செக்யூர் பூட் மட்டும் அணைந்திருந்தால் 9003.

மருமகனின் கணிப்பொறி ஆறேழு ஆண்டு பழையது. விண்டோஸ் 10க்கான ஆதரவு 2025 அக்டோபர் 14உடன் முடிந்ததால், ஒரு கடையில் கொடுத்து 11 போட்டிருக்கிறான். டி.பி.எம். அணைந்திருப்பதைக் கண்ட கடைக்காரர் அதை இயக்காமல், விண்டோஸின் சோதனையைத் தாண்டிக் குதிக்கும் வழியில் போட்டுக் கொடுத்துவிட்டார். விண்டோஸ் ஓடியது, ஆட்டம் ஓடவில்லை.

வெள்ளிக்கிழமை காலை பேருந்து ஏறித் திருப்பதி போனேன். இங்கே நான் செய்த தவற்றையும் சொல்லிவிடுகிறேன். போன வேகத்தில் பயாஸுக்குள் நுழைந்து, பழைய முறைத் தொடக்கத்துக்கு இடம் தரும் 'சி.எஸ்.எம்.' என்பதை அணைத்து, செக்யூர் பூட்டை இயக்கிவிட்டேன். கறுப்புத் திரை! தொடங்குவதற்கு டிஸ்கே இல்லை என்றது கணிப்பொறி. அவனுடைய இறுதியாண்டுப் புராஜெக்ட் முழுவதும் அதற்குள். அக்காள் காப்பியோடு வாசலில் நின்று, "என்னடா, சரியாயிடுச்சா?" என்று கேட்டபோது என்ன பதில் சொன்னேன் என்றே நினைவில்லை. நல்லவேளை, சி.எஸ்.எம்.மைத் திரும்ப இயக்கியதும் விண்டோஸ் வந்தது.

நான் முதலில் பார்த்திருக்க வேண்டியது இது. விண்டோஸ் தேடும் இடத்தில் 'எம்.எஸ்.இன்ஃபோ32' என்று சேர்த்துத் தட்டினால் ஒரு பட்டியல் வரும். அதில் 'பயாஸ் மோட்' என்னும் வரியில் 'யு.இ.எஃப்.ஐ.' என்றிருந்தால் கவலையில்லை. 'லெகஸி' என்றிருந்தால் உங்கள் டிஸ்க் பழைய எம்.பி.ஆர். முறையில் பிரிக்கப்பட்டது. செக்யூர் பூட் அதை ஏற்காது. முதலில் ஜி.பி.டி. முறைக்கு மாற்ற வேண்டும். இதற்கென 'எம்.பி.ஆர்.2ஜி.பி.டி.' என்ற கருவி 2017 முதல் விண்டோஸுக்குள்ளேயே இருக்கிறது. 'வேலிடேட்' கட்டளை கொடுத்து, மாற்ற முடியுமா என்று கேட்டுப் பார்த்து, முடியும் என்றால் மட்டும் 'கன்வர்ட்' கொடுக்க வேண்டும். முக்கியமான கோப்புகளை வேறொரு டிஸ்கில் படியெடுத்து வைக்காமல் இதைத் தொடவே கூடாது. புராஜெக்டைப் பென் டிரைவில் ஏற்றி, அதை அக்காளிடம் கொடுத்த பிறகே நான் தொட்டேன்.

இன்னொரு எச்சரிக்கையும் உண்டு. சில கணிப்பொறிகளில், குறிப்பாக மடிக்கணினிகளில், 'பிட்லாக்கர்' என்னும் பூட்டு நமக்குத் தெரியாமலே போடப்பட்டிருக்கும். டி.பி.எம்., செக்யூர் பூட் அமைப்புகளை மாற்றினால் அது 48 இலக்க மீட்பு எண்ணைக் கேட்கும். பெரும்பாலும் அது உங்கள் மைக்ரோசாஃப்ட் கணக்கில் இருக்கும். பயாஸுக்குள் போகும் முன்பே அதைத் தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். கணிப்பொறி பூட்டிக்கொண்ட பிறகு தேடினால் உயிர் போய்விடும்.

டிஸ்க் மாறியது. பி.டி.டி. இயங்கியது. சி.எஸ்.எம். அணைந்தது. செக்யூர் பூட்டையும் இயக்கினேன். ஆனாலும் பட்டியலில் அது 'ஆஃப்' என்றே காட்டியது. சில மதர்போர்டுகளில் இப்படி நேரும். கையொப்பங்களைச் சரிபார்க்கும் திறவுகோல்கள் உள்ளே இல்லாததே காரணம். பயாஸில் அதே பக்கத்தில் ஃபேக்டரி கீகளைத் திரும்ப நிறுவும் இடம் இருக்கும். அதை அழுத்திச் சேமித்தேன். ஆட்டம் திறந்தது. பையன் துள்ளினான்.

அன்று மாலை அக்காள் வீட்டுத் தெருவில் மின்சாரம் போயிற்று. திரும்பி வந்ததும், "மாமா, மறுபடியும் 9001!" என்றான். எனக்குச் சுருக்கென்றது. பயாஸைத் திறந்து தேதியைப் பார்த்தேன். ஏதோ ஒரு பழைய ஆண்டின் ஜனவரி முதல் தேதி. மதர்போர்டில் உள்ள சிறு வட்டப் பேட்டரி தீர்ந்திருக்கிறது. மின்சாரம் போகும்போதெல்லாம் நாம் செய்த அமைப்புகள் மறந்து, பழைய நிலைக்கே போய்விடுகின்றன. சி.ஆர். 2032 என்ற எண்ணுள்ள அந்தப் பேட்டரி கைக்கடிகாரக் கடையிலேயே கிடைத்தது. ஐம்பது ரூபாய்கூட ஆகவில்லை. பிளக்கைப் பிடுங்கிவிட்டு மாற்றினோம். அமைப்புகளை மறுபடி செய்தோம். அதன்பின் அந்த எண் வரவில்லை. சரிசெய்த பிழை மறுநாளே திரும்பி வந்தால், விண்டோஸை மறுபடி போடுவதற்கு முன் இந்தப் பேட்டரியைப் பாருங்கள்.

மற்ற எண்களைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 'பேட்டில் ஐ' 1275 என்று காட்டினால், அதன் டிரைவர் ஏறுவதை விண்டோஸ் தடுத்துவிட்டது என்று பொருள். காவலுக்கே காவல்! பாதுகாப்பு மென்பொருளைப் புதுப்பித்து, காவல் நிரலை நீக்கித் திரும்ப நிறுவிப் பார்க்கலாம். 'ஈஸி ஆன்டி-சீட்' விண்டோஸ் கோப்பு ஒன்றை நம்ப முடியவில்லை என்றால், அந்தக் கோப்பு கெட்டிருக்கலாம், அல்லது திருட்டு விண்டோஸுக்கு உரிமம் போலியாகத் தரும் நிரல் அதை மாற்றியிருக்கலாம். பொறியியல் மாணவர்களிடம் வேறொன்றும் பார்க்கிறேன். மலிவான மின்னணுப் பலகைக்குக் கையொப்பமில்லாத டிரைவரை ஏற்ற, விண்டோஸைச் 'சோதனை நிலை'யில் வைத்துவிட்டு மறந்துவிடுகிறார்கள். திரையின் வலது மூலையில் 'டெஸ்ட் மோட்' என்ற எழுத்து தெரியும். அதை அணைக்காமல் காவல் நிரல் விடாது.

வி.ஏ.என். 152 மட்டும் வேறு வகை. அது கணிப்பொறிக்கே விதிக்கப்பட்ட தடை. பழைய மதர்போர்டு வாங்கினால் முந்தைய உரிமையாளரின் பாவம் நம் தலையில் விழலாம். ஆட்டத்துக்காக வாங்குகிறவர்கள் பணம் கொடுக்கும் முன் ஆட்டத்தைப் போட்டுப் பார்த்து வாங்குங்கள்.

கருவறைக்குள் அந்நியரை விடுவது சரியா என்று அக்காள் கணவர் கேட்டார். நியாயமான கேள்வி. கென்ஷின் இம்பாக்ட் ஆட்டத்தின் காவல் டிரைவரையே கருவியாக்கி, கணிப்பொறிகளைப் பூட்டிப் பணம் பறிப்போர் பாதுகாப்பு மென்பொருளை அணைத்த செய்தி 2022இல் வெளிவந்தது. 2024 ஜூலை 19 அன்று கிரவுட்ஸ்டிரைக் என்ற பாதுகாப்பு மென்பொருளின் ஒரு தவறான புதுப்பிப்பால் சுமார் 85 லட்சம் விண்டோஸ் கணிப்பொறிகள் முடங்கின. அது விளையாட்டுக் காவல் இல்லைதான். ஆனால் உட்கார்ந்திருந்த இடம் அதே கருவறை. வங்கிக் கணக்கும் அலுவலகக் கோப்பும் உள்ள கணிப்பொறியில் இத்தகைய ஆட்டங்களைப் போடாதிருப்பதே என் கட்சி. வேறு கணிப்பொறி இல்லாதவர்கள், ஆட்டம் முடிந்ததும் கடிகாரத்தின் அருகில் உள்ள வேன்கார்டு சின்னத்தை வலச்சொடுக்கி வெளியேற்றிவிடலாம். மறுபடி ஆட வேண்டுமானால் கணிப்பொறியை அணைத்துத் தொடங்க வேண்டும், அவ்வளவே. "9001ஐ ஒரே சொடுக்கில் நீக்கும்" என்று சொல்லி யாராவது நிரல் கொடுத்தால் தொடவே வேண்டாம். அவற்றில் சில ஏமாற்று நிரல்களே. பிறகு 152 தேடி வரும்.

சனிக்கிழமை அவர்கள் அணி இரண்டாம் சுற்றில் தோற்றது. தோல்வியைச் சொன்ன கையோடு, "மாமா, அந்த 48 நம்பரை அம்மா பால் கணக்கு நோட்டுல எழுதி வெச்சுட்டாங்க" என்றான்.