எழுபதாயிரம் வருஷத்து ரத்தம்

போன ஆவணியில் சிவகாசியில் ஒரு கல்யாணம். பந்தியில் எனக்குப் பக்கத்து இலை, அச்சகம் வைத்திருக்கும் அண்ணாச்சி ஒருவருக்கு. நான் கல்லூரியில் மரபியல் நடத்துகிறவன் என்று யாரோ அவர் காதில் போட்டிருக்கிறார்கள். ரசம் வருவதற்குள் ஆரம்பித்துவிட்டார். "சார், நம்ம ரத்தம் எழுபதாயிரம் வருஷத்து ரத்தமாமே? மதுரைப் பக்கம் ஒருத்தர்கிட்ட எடுத்துப் பார்த்திருக்காங்க. உலகத்துலயே முத மனுஷன் நாமதான்னு அமெரிக்காக்காரனே ஒத்துக்கிட்டானாம்."

இதைத் திருத்தங்கல் டீக்கடையில் கேட்டிருக்கிறேன். விருதுநகர் பங்குனிப் பொங்கல் கூட்டத்தில் கேட்டிருக்கிறேன். வகுப்பில் வருஷம் தவறாமல் ஒரு பிள்ளை எழுந்து கேட்கிறது. இதே செய்தி நான்கு சாதிகளின் பெயரில் என் கைப்பேசிக்கு வந்திருக்கிறது. சாதிப் பெயர் மட்டும்தான் மாறியிருந்தது, மற்ற எழுத்துப் பிழைகள்கூட அப்படியே இருந்தன. இனியும் சிரித்துவிட்டுப் போக எனக்குப் பொறுமை இல்லை.

நடந்தது இதுதான். மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் நோயெதிர்ப்பியல் பேராசிரியராக இருந்த ராமசாமி பிச்சப்பன், இந்தப் பக்கத்துச் சமூகங்கள் பலவற்றிலிருந்து ரத்த மாதிரிகள் சேகரித்தார். ஸ்பென்சர் வெல்ஸ் என்ற அமெரிக்க மரபியலாளரோடு சேர்ந்து ஆண்களின் ஒய் குரோமோசோமை ஆராய்ந்தார். மதுரை மாவட்டத்துக் கிராமத்துக்காரர் ஒருவரின் மாதிரியில் எம்130 என்ற அடையாளம் அகப்பட்டது. ஆப்பிரிக்காவிலிருந்து புறப்பட்டுக் கடலோரமாகவே நடந்து ஆஸ்திரேலியாவரை போன கூட்டத்தின் சுவடு அது என்று வெல்ஸ் தம்முடைய 2002-ஆம் ஆண்டு நூலில் எழுதினார். நல்ல ஆராய்ச்சி, நம் ஊர்ப் பக்கம் நடந்த ஆராய்ச்சி. ஆனால் அதன் ஆரம்பமே ஆப்பிரிக்காவிலிருந்து புறப்பட்டவர்கள் என்பதுதான். அந்த ஒரு வரியை வெட்டிவிட்டு மீதியை அனுப்புகிறார்களே, அதுதான் எனக்கு ஆத்திரம்.

எம்130 என்பது மரபணு இல்லை. ஒய் குரோமோசோமில் ஓரிடத்தில் 'சி' இருக்கவேண்டிய இடத்தில் 'டி' இருக்கிறது. ஒரே ஓர் எழுத்து. அதனால் வீரம் வந்தது, நிறம் வந்தது, மூளை வந்தது என்று எவரும் காட்டியதில்லை.

அண்ணாச்சிக்கு அவர் தொழிலிலேயே சொன்னேன். முருகன் படக் காலண்டர் ஓடிக்கொண்டிருக்கும்போது பிளேட்டின் மூலையில் மயிரளவு கீறல் ஒன்று விழுந்துவிடுகிறது. அதற்குப் பிறகு அந்தப் பிளேட்டில் ஓடிய தாள் எல்லாவற்றிலும் அந்தக் கீறல் இருக்கும். ஆயிரம் காலண்டரைக் கலந்து போட்டாலும், எது அந்தப் பிளேட்டில் ஓடியது என்று கீறலை வைத்துப் பிரித்துவிடலாம். அவ்வளவுதான் அதன் பயன். முருகன் முகத்தைப் பற்றிக் கீறல் ஒன்றும் சொல்லாது. கீறல் விழுந்த தாள் முதல் தாளாகவும் இருக்க முடியாது, ஏனென்றால் கீறல் விழும் முன்பே தாள் ஓடிக்கொண்டுதான் இருந்தது. எம்130 ஒருவரிடம் இருக்கிறது என்றால் அவர் அந்தக் கீறலுக்குப் பிந்தியவர் என்று பொருள். முதல் மனிதன் என்பதற்கு நேர் எதிரான சான்று அது! அண்ணாச்சி கையிலிருந்த அப்பளத்தைக் கீழே வைத்துவிட்டார்.

ஒய் குரோமோசோமின் ஆகப் பழைய கிளைகள் வேண்டுமென்றால் ஆப்பிரிக்காவுக்குத்தான் போகவேண்டும். 2013-இல் அறிவிக்கப்பட்டு, கேமரூன் நாட்டு ஆண்கள் சிலரிடமும் காணப்பட்ட கிளை, மற்ற எல்லாரிடமிருந்தும் 2 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே பிரிந்துவிட்டது. எம்130-ஓ மங்கோலியாவில் இருக்கிறது, ஜப்பானில் இருக்கிறது, பாலினேசியத் தீவுகளில் இருக்கிறது, ஆஸ்திரேலியப் பழங்குடிகளிடம் இருக்கிறது. இதில் தமிழன் எங்கே வந்தான், சாதி எங்கே வந்தது? பழைய ரத்தம், புது ரத்தம் என்ற பேச்சே தப்பு. இன்று உயிரோடிருக்கும் ஒவ்வொருவரின் வம்சாவளியும் ஒரே தொலைவுதான் பின்னால் போகிறது. நடுவில் அறுந்திருந்தால் நாம் யாரும் இங்கே இருக்கமாட்டோம்.

இன்னொன்று. ஒய் குரோமோசோம் அப்பனிடமிருந்து மகனுக்கு மட்டுமே போகும். அந்தக் கிராமத்துக்காரரைப் பெற்ற தாய்க்கு எம்130 கிடையாது. அவருக்கு மகள் பிறந்தால் அவளுக்கும் கிடையாது. பத்துத் தலைமுறை பின்னால் போனால் ஒருவருக்கு 1,024 மூதாதையர் இடங்கள் வரும். சொந்தத்துக்குள்ளேயே கட்டிக்கொள்வதால் நம் ஊரில் ஒரே ஆள் பல இடத்தில் உட்கார்ந்திருப்பார். எம்130 சொல்வது அதில் ஒரே ஒருவரைப் பற்றி. மற்ற 1,023 இடத்தில் இருந்தவர்கள் எந்தச் சாதி, எந்த ஊர், என்ன மொழி என்று அதற்குத் தெரியாது.

மூலம் வேறு, உரை வேறு என்பது நமக்குப் புதிதா? குறளை அச்சுப் பிசகாமல் படியெடுத்துவிடலாம். பரிமேலழகர் இல்லாமல் எத்தனை குறள் நமக்கு விளங்கியிருக்கும்? மனித மரபணுத்தொகுதியில் 300 கோடி எழுத்துகள். பக்கத்துக்கு 3,000 எழுத்து என்று அச்சடித்தால் 10 லட்சம் பக்கம். 2003-இல் முடிந்ததாக அறிவித்தார்கள். ஆனால் நூற்றுக்கு எட்டுப் பங்கு படிக்க முடியாமலே கிடந்தது. 2022-இல்தான் அந்த இடைவெளிகளை அடைத்தார்கள். அப்போதும் ஒய் குரோமோசோம் மிச்சம். அதை முழுதாக வாசித்தது 2023-இல், 3 கோடிக்கும் மேற்பட்ட எழுத்துகள் புதிதாகச் சேர்ந்தன. இதெல்லாம் மூலம். உரை இன்னும் பெரிய வேலை. புரதம் செய்யும் மரபணுக்கள் லட்சம் இருக்கும் என்று நினைத்திருந்தார்கள், எண்ணிப் பார்த்தால் சுமார் 20,000. மொத்த எழுத்தில் அது நூற்றுக்கு இரண்டுகூடத் தேறாது. மிச்சத்தில் எது வேலை செய்கிறது, எது சும்மா கிடக்கிறது என்று இன்றும் உரை எழுதிக்கொண்டிருக்கிறார்கள்.

உரை எழுதுவதென்றால் என்ன என்பதற்கும் மதுரையிலேயே எடுத்துக்காட்டு இருக்கிறது. அதை ஏன் ஒருவரும் கைப்பேசியில் அனுப்புவதில்லை? அதே காமராசர் பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி செய்த தண்டபாணி, ஹைதராபாத் ஆய்வகத்தின் தங்கராஜ் முதலானோர் 2009-இல் நேச்சர் ஜெனெடிக்ஸ் இதழில் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். இதயத் தசைக்கான புரதம் ஒன்றின் மரபணுவில் 25 எழுத்துகள் விடுபட்டிருக்கின்றன. தெற்காசியர்களில் நூற்றுக்கு நான்கு பேரிடம் இது உண்டு. விடுபட்ட இடம் புரதத்துக்கான பகுதிகூட இல்லை, இரண்டு பகுதிகளுக்கு நடுவில் கிடக்கும் துண்டு. வெறும் மூலத்தைப் பார்த்தவர் இதை ஒதுக்கியிருப்பார். ஆனால் அது இல்லாவிட்டால் செல் பக்கத்துப் பகுதியையும் தவறவிட்டுப் படித்துவிடுகிறது. வயது ஏற ஏற இதயத் தசை நோய் வரும் வாய்ப்புக் கூடுகிறது. உரை அதோடும் முடியவில்லை. இந்த 25 எழுத்தோடு அதே மரபணுவில் இன்னொரு மாற்றமும் சேர்ந்திருப்பவர்களுக்குத்தான் கவலை அதிகம் என்று 2018-இல் இன்னொரு கட்டுரை வந்தது. ஒரு மரபணுவில் ஓரிடத்துக்கு உரை எழுதவே இத்தனை வருஷம்.

இதைச் சொல்லிக்கொண்டிருக்கும்போது அண்ணாச்சி மெதுவாகக் கேட்டார். "சார், எங்க அப்பா நாப்பத்தோரு வயசுல தூக்கத்துலயே போயிட்டாரு. சித்தப்பாவும் அப்படித்தான், பஸ் ஸ்டாண்டுல உக்காந்தவாக்குல." டாக்டரிடம் சொல்லியிருக்கிறீர்களா என்றேன். "அவரு கேக்கலையே சார்." எழுபதாயிரம் வருஷத்துக்கு முந்தியவரைத் தெரிந்து வைத்திருக்கும் மனிதருக்குத் தகப்பன் எதனால் செத்தார் என்று தெரியவில்லை. அந்த வாரமே எக்கோ எடுக்கச் சொன்னேன். எடுத்தார், இப்போது மாத்திரையில் இருக்கிறார். அவரிடம் அந்த 25 எழுத்து இருக்கிறதா என்று யாரும் பார்க்கவில்லை. அது வேறு கதை. இதயத்தைப் பார்க்கவைத்தது அப்பாவின் வயதும் சித்தப்பாவின் பஸ் ஸ்டாண்டும்தான்.

மற்ற நம்பிக்கைகளுக்கு இவ்வளவு இடம் தர மாட்டேன்.

பொண்ணுக்கும் மாப்பிள்ளைக்கும் ரத்த குரூப் வேறு, அதனால் மாமன் மகளைக் கட்டலாம் என்கிறார்கள். ஏ, பி, ஓ குரூப்பைத் தீர்மானிப்பது ஒரே ஒரு மரபணு. மற்ற 20,000 பற்றி அது வாய் திறக்காது. தாய்மாமனுக்கும் அக்கா மகளுக்கும் கால் பங்கு மரபணு பொது. மாமன் மகள், அத்தை மகள் என்றால் எட்டில் ஒரு பங்கு. குரூப் வேறானாலும் இந்தக் கணக்கு மாறாது.

ஜீன் டெஸ்ட் நார்மல் என்று வந்துவிட்டது, இனிப் பயமில்லை என்பது அடுத்தது. தேடியதில் தெரிந்த கோளாறு அகப்படவில்லை என்பதுதான் அந்தத் தாளின் பொருள். மாற்றம் இருக்கிறது, அதற்கு அர்த்தம் தெரியவில்லை என்று எழுதிக் கொடுக்கும் ஆய்வகம்தான் நேர்மையான ஆய்வகம். நம்மவர்களின் மாதிரிகள் உலகத் தரவுகளில் குறைவாக இருந்ததால் இந்த 'தெரியவில்லை' நமக்குக் கூடுதலாகவே வரும். ஜீனோம் இந்தியா திட்டத்தில் 10,000 பேரின் தரவு 2025 ஜனவரியில் ஆராய்ச்சியாளர்களுக்குத் திறந்துவிடப்பட்டதன் அருமை அதுதான்.

பட்டாசு மருந்து ரத்தத்தில் ஊறிப் பேரப்பிள்ளைக்கும் போகும் என்கிறார்கள். தோலில் பட்ட தீக்காயமும் நுரையீரலில் படிந்த அலுமினியத் தூளும் பிள்ளைக்குப் போகாது. பிள்ளைக்குப் போவது கருமுட்டையிலும் விந்தணுவிலும் இருப்பது மட்டுமே. தூசியால் கெடுதல் இல்லை என்று நான் சொல்லவில்லை. வேலை செய்கிறவரின் மூச்சுக்கு அது கெடுதல்தான், இன்றைக்கே கெடுதல். அதற்கு முகக்கவசமும் காற்றோட்டமான அறையும் கேளுங்கள். பேரன் வரைக்கும் பயந்துகொண்டு, மருந்து அறைக்குள் நிற்கும் மகளை மறந்துவிடுகிறோம்.

என் ஆசை ஒன்று உண்டு. பல வருஷமாக எல்லாரிடமும் சொல்லி வருகிறேன். ஆடிப் பதினெட்டுக்கு வருஷா வருஷம் சிவகாசியில் புதுக் காலண்டர் ஆல்பம் போடுகிறார்கள். இங்கிருந்து நாடெங்கும் சுவர்களுக்குப் போகிறது. பின்னட்டையில் ராசிபலனும் கௌரி பஞ்சாங்கமும் இருக்கும் இடத்தில் பாதியைக் குடும்பத்தின் நோய் விவரத்துக்குக் கொடுத்தால் போதும். பெயர், உறவு, என்ன நோய், எந்த வயதில் வந்தது, எந்த வயதில் போனார். ஆபரேஷனுக்கு மயக்க மருந்து கொடுத்து நேரத்தில் எழுந்திருக்காதவர் குடும்பத்தில் உண்டா என்று ஒரு வரி. அதுவும் காரணத்தோடுதான் கேட்கிறேன். தசையைத் தளர்த்தக் கொடுக்கும் மருந்து ஒன்றை உடம்பு உடைக்க முடியாமல் போகும் பரம்பரைக் குறையைக் கோவை பாரதியார் பல்கலைக்கழகத்தார் 2006-இல் ஒரு சமூகத்தில் கண்டு எழுதினார்கள். அந்த மருந்து சில நிமிஷத்தில் தெளியவேண்டும். அவர்களுக்கு மணிக்கணக்கில் மூச்சுத்தசை எழுந்திருக்காது. வீட்டில் யாருக்காவது நடந்ததைச் சொன்னால் மருத்துவர் வேறு மருந்து எடுத்துக்கொள்வார்.

அண்ணாச்சி தன் மெஷினில் மாதிரிப் பக்கம் ஒன்று ஓட்டித் தருவதாகச் சொல்லியிருக்கிறார். முதல் வரைவில் அப்பா, தாத்தா, பெரியப்பா, சித்தப்பா என்று ஆண் வழிக் கட்டங்களாகவே போட்டு அனுப்பியிருந்தார். அம்மாச்சி, அத்தை, பெரியம்மா, சின்னம்மா எல்லாருக்கும் கட்டம் போடச் சொல்லித் திருப்பி அனுப்பியிருக்கிறேன்.