எண்ணத்தை அளக்க முடியுமா?

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்சி. மாணவர்)

"மனம் ஒன்றி நினைத்தால் நினைத்தது நடக்கும்" என்பார் சிலர். "நினைப்புதான் பிழைப்பைக் கெடுக்கும்" என்பர் எங்கள் ஊர்ப் பெரியவர்கள். எது உண்மை என்று வாதாடாமல், அளந்தே பார்த்துவிடலாம் எனப் புறப்பட்ட அறிஞர்களும் உண்டு.

அமெரிக்காவில் டியூக் பல்கலைக்கழகப் பேராசிரியர் ரைன், விரும்பிய எண் பகடையில் கூடுதலாக விழுகிறதா என்று 1934-இல் சோதிக்கத் தொடங்கினார். அவருடன் பணியாற்றிய கே. ராமகிருஷ்ண ராவ், 1967-இல் விசாகப்பட்டினம் ஆந்திரப் பல்கலைக்கழகத்தில் இத்தகைய ஆய்வுக்கும் இடமளிக்கும் ஒரு துறையை நிறுவினார். 1979-இல் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் ராபர்ட் ஜான் என்னும் பொறியியல் பேராசிரியர், நாணயம் சுண்டுவதுபோல் இயங்கும் மின்கருவி ஒன்றை அமைத்தார். அதன்முன் அமர்ந்தவர் ஒருமுறை "கூடுக", ஒருமுறை "குறைக" என நினைப்பார். ஒருமுறை எதுவும் நினையாதிருப்பார். உரமிட்ட பாத்தியை உரமிடாத பாத்தியோடு ஒப்பிடுவது போன்றதே இம்முறை.

நண்பர்களே, இங்குதான் கணிதம் துணைக்கு வருகிறது. நாணயத்தை 100 முறை சுண்டினால் சரியாக 50 தலை விழவேண்டும் என்பதில்லை. 40 முதல் 60 வரை விழுவது இயல்பே. ஆகவே 58 விழுந்தால் அதை மனோசக்தி எனக் கொள்ள இயலாது. ஜான் குழுவினர் கண்டதாகக் கூறிய மாற்றமோ பத்தாயிரத்துக்கு ஒரு சில மட்டுமே. பத்தாயிரத்துக்கு இரண்டு என்று வைத்துக்கொண்டால், அதைத் தற்செயலினின்று பிரித்தறிய ஏறத்தாழ இரண்டரைக் கோடி முறை சுண்டவேண்டும்! ஜெர்மனியின் இரு ஆய்வுக்கூடங்களும் பிரின்ஸ்டனும் சேர்ந்து அதே சோதனையை மீண்டும் செய்து 2000-இல் முடிவை வெளியிட்டபோது, முன்பு கண்ட மாற்றம் உறுதிப்படவில்லை. 2007-இல் பிரின்ஸ்டன் ஆய்வுக்கூடம் மூடப்பட்டது.

இது நமக்கு எதற்கு என்று கேட்கலாம். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். வேப்பந்தட்டைப் பக்கத்து மானாவாரிப் பருத்திக்காரரான என் தந்தையைவிட ஒருமனதாய் மழையை நினைத்தவர் யார்? மழை பொய்த்த ஆண்டில், "நீ சரியாக நினைக்கவில்லை" என்று அவரைக் குறை சொல்வது எவ்வளவு கொடுமை! நினைத்ததெல்லாம் நடக்கும் என்னும் போதனையில் இந்தப் பழியும் ஒளிந்திருக்கிறது.

மன ஒருமைப்பாடு வீண் என்று நான் கூறவில்லை. அது நம்மைப் படிக்க வைக்கும், உழைக்க வைக்கும். பகடையையும் மேகத்தையும் அது அசைக்கும் என்று யாரேனும் சொன்னால், "எத்தனை முறை சோதித்தீர்கள்? நினையாதபோது என்ன நடந்தது?" என்று பணிவோடு கேட்போம். அறிவியல் படித்த நாம் ஊருக்குச் செய்யக்கூடிய முதல் உதவி அதுவே.