செடிலும் காதுகுத்தும் – காயம் ஆறும்வரை நீளும் நேர்த்தி

காவடி எடுத்து நேர்த்தி தீர்ப்பது யாழ்ப்பாணத்துச் சைவ மக்களிடையே தலைமுறை தலைமுறையாக நிலவிவரும் வழிபாட்டு முறையாகும். நல்லூர்க் கந்தசுவாமி கோவிலின் 25 நாள் மகோற்சவத்திலும், தொண்டைமானாறு செல்வச்சந்நிதியிலும், கிராமத்து அம்பாள் ஆலயங்களின் தேர்த்திருவிழாவிலும் முதுகிற் செடில் குத்தி ஆடிவரும் அடியார்களைக் காணலாம். கன்னத்திலும் நாவிலும் அலகு குத்துவோரும், தூக்குக் காவடியிலும் பறவைக் காவடியிலும் தொங்கி வருவோரும் பலர். இம்மரபு கடல் கடந்தும் சென்றுள்ளது. ஜேர்மனியின் ஹாம் நகரில் 2002ஆம் ஆண்டு குடமுழுக்குக் கண்ட ஸ்ரீ காமாட்சி அம்பாள் ஆலயத் தேர்த்திருவிழாவிலும் எம்மவர்கள் செடில் குத்திக் காவடி எடுக்கின்றனர்.

வீடுகளில் நிகழும் காதுகுத்தும் இத்தகையதொரு சடங்கே. வடமொழியிற் கர்ணவேதம் எனப்படும் இது பதினாறு சம்ஸ்காரங்களுள் ஒன்றாக எண்ணப்படுகின்றது. செடிலும் காதுகுத்தும் நோக்கத்தால் வேறுபட்டவை. ஆயினும் உடலைப் பொறுத்தவரை இரண்டும் ஒன்றே. இரண்டிலும் தோல் துளைக்கப்படுகின்றது, காயம் உண்டாகின்றது. அக்காயம் பக்தியினால் உண்டானதா, விபத்தினால் உண்டானதா என்பதைக் கிருமி பார்ப்பதில்லை.

நேர்த்தி வைத்தவர் விரதமிருந்து, சுத்தபோசனம் உண்டு, தம்மைத் தூய்மையாக்கிக் கொள்கின்றார். கொழுக்கியைக் கழற்றிய மறுகணமே நேர்த்தி முடிந்துவிட்டதென்று பலரும் எண்ணுகின்றனர். உண்மையில் அது காயம் முற்றாக ஆறும்போதே நிறைவுபெறுகின்றது. உடம்பினுள் இறைவன் உறைகின்றான், ஆதலால் உடம்பைப் பேணவேண்டும் என்பது திருமூலர் திருமந்திரத்தில் வலியுறுத்திய கொள்கை. செடில் குத்தும் அடியார்க்கு இது மிகவும் பொருந்தும்.

முன்னோர் கண்ட முறை

துளையிடுதலை ஒரு வைத்தியக் கருமமாகவே முன்னோர் கருதினர். பழைய ஆயுள்வேத நூலாகிய சுஸ்ருத சங்கிதையின் சூத்திரஸ்தானத்தில் 16ஆம் அத்தியாயம் காதுகுத்தும் விதியையே கூறுகின்றது. குழந்தைக்கு ஆறாம் அல்லது ஏழாம் மாதத்தில், வளர்பிறையில், நல்ல நாளிற் குத்தவேண்டும்; காதுமடலை இழுத்து, வெயில் ஊடுருவித் தெரியும் மெல்லிய இடத்தை அறிந்து குத்தவேண்டும்; இரத்தம் மிகுந்தாலோ நோவு மிகுந்தாலோ தவறான இடத்திற் குத்தப்பட்டதென்று உணரவேண்டும்; குத்தியபின் எண்ணெயில் நனைத்த திரியை இட்டு, மூன்று நாளுக்கொருமுறை மாற்றவேண்டும் என்பன அதன் சாரம். கிழிந்த காதை ஒட்டவைக்கும் 15 முறைகளும் அவ்வத்தியாயத்திலேயே உள்ளன.

ஆறாம், ஏழாம் மாதம் என்ற அக்கணக்கு இக்காலத்துக்கும் வியக்கத்தக்க வகையிற் பொருந்துகின்றது. இலங்கையிற் குழந்தைகளுக்கு 2, 4, 6 மாதங்களில் ஐங்கூட்டுத் தடுப்பூசி போடப்படுகின்றது. ஏற்புவலி, ஈரலைத் தாக்கும் செங்கமாரியின் பீ வகை ஆகியவற்றுக்கு எதிரான மருந்துகளும் அதனுள் அடங்கும். மூன்று ஊசிகளும் முடிந்தபின் காது குத்தினால் குழந்தை அந்நோய்களுக்கெதிரான காப்போடு இருக்கும். முப்பத்தொன்றாம் நாளிலேயே குத்தவேண்டுமென்று அவசரப்படுவோர் இதனைச் சிந்தித்தல் நன்று. நாள் குறிக்கும்போது பஞ்சாங்கத்தோடு குழந்தையின் சுகாதார அட்டையையும் எடுத்துப் பார்க்கலாம். ஐயமிருப்பின் அப்பகுதிக் குடும்பநல உத்தியோகத்தரைக் கேட்டறியலாம்.

இரத்தம் வராத காயம்

செடில் குத்தும்போது இரத்தம் வருவதில்லை, அது அருளின் அடையாளம் என்பது அடியார்களின் உறுதியான நம்பிக்கை. அந்நம்பிக்கையை யாரும் குறைத்துப் பேசவேண்டியதில்லை. ஆனால் இரத்தம் வராமையாற் கிருமியும் புகவில்லை என்று முடிவு செய்தல் கூடாது.

ஏற்புவலியை உண்டாக்கும் கிருமி மண்ணிலும் மாட்டுச் சாணத்திலும் வித்து வடிவில் நெடுங்காலம் உயிரோடு கிடக்கும். காற்றுப் படாத இடத்திலேயே அது முளைத்துப் பெருகும். ஆழமாகவும் ஒடுக்கமாகவும் அமைந்து, அதிகம் இரத்தம் கசியாத குத்துக்காயமே அதற்கு மிக வாய்ப்பானது. பெருகும் இரத்தம் அழுக்கை ஓரளவு வெளியே கழுவிவிடும். இரத்தம் வராத காயத்தில் அதுவும் நிகழ்வதில்லை.

துருப்பிடித்த கம்பியினாலேயே ஏற்பு வருமென்பது பொதுவான எண்ணம். துருவில் நஞ்சில்லை, துருவின் சொரசொரப்பில் ஒட்டியிருக்கும் மண்ணிலேயே ஆபத்து உள்ளது. மண் படிந்தால் மினுமினுக்கும் புதுக் கொழுக்கியும் அதே தீங்கைச் செய்யும். நோயின் குறிகள் பெரும்பாலும் 3 முதல் 21 நாட்களுக்குள் தோன்றும். தாடை இறுகி வாய் திறக்க முடியாமற் போவதே வழக்கமான முதற்குறி. திருவிழா முடிந்து, கொடியிறங்கி, எல்லோரும் தத்தம் அலுவலுக்குத் திரும்பிய பின்னரும் அது வரலாம்.

மற்றொரு ஆபத்து ஒருவருக்குக் குத்தியதை மற்றொருவருக்குக் குத்துவதால் வருவது. பீ வகைச் செங்கமாரிக் கிருமி உடலுக்கு வெளியே, உலர்ந்த இரத்தத் துளியிலும் 7 நாட்கள் வரை தொற்றும் வலுவோடு இருக்கும். கண்ணுக்கு இரத்தம் தெரியாத கொழுக்கியிலும் அது இருக்கக்கூடும். இதற்கான தடுப்பூசி இலங்கையிற் குழந்தைகளுக்கான அட்டவணையில் 2003ஆம் ஆண்டு தொடங்கியே படிப்படியாகச் சேர்க்கப்பட்டது. ஆகவே அதற்கு முன் பிறந்த அடியார்களிற் பெரும்பாலோர் சிறுவயதில் அதனைப் பெற்றவரல்லர். சீ வகைக்கோ தடுப்பூசியே இல்லை.

கொழுக்கியைத் தேசிக்காயில் ஏற்றி எடுப்பதோ, கற்பூரச் சுவாலையிற் காட்டுவதோ, விபூதி பூசுவதோ சடங்கின் அங்கங்கள். அவை கிருமியை அழிக்கும் முறைகள் ஆகா. கொதிநீரில் இட்டாற் பல கிருமிகள் இறக்கும். ஏற்புக் கிருமியின் வித்து அதற்கும் தப்பக்கூடும். வைத்தியசாலைகளில் அழுத்தத்துடன் கூடிய நீராவியில், 121 பாகை வெப்பத்தில், 15 நிமிடத்துக்குக் குறையாமல் வைத்தே கருவிகளைச் சுத்திகரிக்கின்றனர். அவ்வாறு சுத்திகரித்த கொழுக்கிகளை அடியாருக்கு அடியார் தனித்தனியே பொதிசெய்து வைத்திருத்தல் வேண்டும்.

நேர்த்திக்கு முன்

விரதம் தொடங்கும்போதே ஏற்புத் தடுப்பூசியைப் பற்றியும் விசாரித்துக் கொள்ளவேண்டும். கடைசி ஊசி போட்டுப் பத்து ஆண்டுகள் கடந்திருந்தால் மீண்டும் ஒன்று போடவேண்டும். ஊசி போட்டவுடனேயே காப்பு முழுமையாக வந்துவிடாது. ஆதலாற் தேருக்கு முதல்நாள் வரை காத்திராமற் சில வாரங்கள் முன்னரே போடுவது உத்தமம்.

செடில் எல்லோருக்கும் ஏற்றதன்று. சலரோகம் உள்ளவர்களுக்குக் காயம் ஆறுவது தாமதமாகும். அவர்கள் மருந்தெடுத்துக்கொண்டு உபவாசமிருந்தாற் சீனி திடீரெனக் குறைந்து மயங்கி விழவும் கூடும். இருதய வால்வில் நோய் உள்ளவர்களுக்குக் காயத்தினூடே புகும் கிருமி இருதயத்திலேயே தங்கிவிடும் அபாயம் உண்டு. இரத்தம் உறையாதிருக்க மாத்திரை எடுப்போருக்கு இரத்தம் நிற்பது கடினம்; அம்மாத்திரையைத் தாமாகவே நிறுத்துவது அதனிலும் ஆபத்தானது. இவர்கள் வைத்தியரிடம் ஒளிக்காமற் கூறி ஆலோசனை பெறவேண்டும். பழைய காயங்கள் தடித்து மேடாக வளரும் உடல்வாகு உள்ளவர்களுக்குத் தோள், முதுகு, காது ஆகிய இடங்களில் அத்தகைய தழும்பு பெரிதாக வளரலாம். பாற்செம்பும் பாற்காவடியும் கற்பூரச் சட்டியும் அங்கப் பிரதட்சணமும் செடிலுக்குக் குறைந்த நேர்த்திகள் அல்ல. உடல்நிலை இடங்கொடாதவர் அவற்றுள் ஒன்றை ஏற்பதில் யாதொரு குறையும் இல்லை.

குத்தும் வேளையில்

நிழலும் சுத்தமும் உள்ள இடத்தில், மண்ணிற் படாத உயரத்தில், சுத்தமான துணி விரித்த மேசையிற் கருவிகளை வைக்கவேண்டும். குத்துபவர் சவர்க்காரமிட்டுக் கை கழுவி, அடியாருக்கு அடியார் புதிய கையுறை அணியவேண்டும். குத்தும் இடத்தை ஸ்பிரிற் அல்லது அயடீன் மருந்தினாற் துடைத்து, அது உலர்ந்த பின்னரே குத்தவேண்டும். நிலத்தில் விழுந்த கொழுக்கியைத் தண்ணீரிற் கழுவி மீண்டும் எடுப்பது கூடவே கூடாது. கழற்றும்போது இழுத்துப் பறிக்காமல், குத்திய வழியே மெதுவாக எடுத்து, சுத்தமான பஞ்சுத்துணியாற் சில நிமிடங்கள் அழுத்திப் பிடித்தாற் பெரும்பாலும் இரத்தம் நின்றுவிடும்.

காதுகுத்துக்கும் விதி இதுவே. பத்தரிடமோ நகைக்கடையிலோ குத்துவதாயின் உறை பிரிக்காத புது ஊசியைப் பெற்றோர் கண்முன்னே பிரிக்கச் சொல்லிக் கேட்பதில் மரியாதைக் குறைவு எதுவுமில்லை. துப்பாக்கி போன்ற கருவியாற் தோட்டை அடித்து ஏற்றும் முறையும் இப்போது பரவியுள்ளது. அக்கருவிகளிற் பலவற்றை நீராவியிற் சுத்திகரிக்க முடியாது. சோணையில் அன்றிக் காதின் மேற்புறக் குருத்தெலும்பில் அதனைப் பயன்படுத்தவே கூடாது. குருத்தெலும்புக்கு இரத்தவோட்டம் குறைவு. அங்கே சீழ் பிடித்தாற் காதின் வடிவமே சிதைந்துவிடக்கூடும். முதலில் அணியும் தோடு நல்ல பவுணாக இருப்பது நன்று. மலிவான நகைகளிற் கலந்துள்ள நிக்கல் என்னும் உலோகம் பலருக்குக் கடியையும் கொப்புளத்தையும் உண்டாக்கும். சுரையை இறுக்கிப் பூட்டாமற் சற்று இடைவெளி விட்டால் வீக்கம் வந்தாலும் தோடு தசைக்குட் புதையாது.

குத்திய பின்

காயத்தை நாளுக்கு இரண்டு முறை சுத்தமான நீராலும் மென்மையான சவர்க்காரத்தாலும் கழுவி, ஒற்றி உலரவிட வேண்டும். கொதித்தாறிய நீர் ஒரு கோப்பைக்குக் கால் தேக்கரண்டி உப்பிட்டும் கழுவலாம். கழுவுமுன் கையைக் கழுவவேண்டும். ஸ்பிரிற்றை நாள்தோறும் புண்ணில் ஊற்றினால் வளர்ந்துவரும் புதுத்தோலும் கருகி, ஆறுவது தாமதமாகும். மஞ்சள், சாம்பல், சாணம், வேப்பெண்ணெய் முதலியவற்றைத் திறந்த புண்ணிற் பூசுதல் தவிர்க்கத்தக்கது. விபூதி நெற்றியில் அணிவதற்குரியது. பல கைகள் தொட்ட மடலிலிருந்து எடுத்துப் புண்ணில் இடுவதற்குரியதன்று.

தேருக்கு மறுநாள் தீர்த்தம். முதல்நாள் செடில் குத்தியவர் மறுநாட் கேணியிலோ கடலிலோ பலரோடு மூழ்கினால், ஆறாத காயங்கள் எல்லாம் அந்நீருக்குத் திறந்த வாயில்களாகின்றன. அத்தகையவர்கள் தீர்த்தத்தைச் சிரசிற் புரோட்சித்துக் கொள்வதே போதுமானது. தீர்த்தமாடிய பலனில் அதனாற் குறைவு வாராது.

காதுச் சோணை ஆற 6 முதல் 8 வாரங்கள் எடுக்கும். குருத்தெலும்பு ஆறப் பல மாதங்கள், சிலருக்கு ஓராண்டும் செல்லும். அதுவரை தோட்டைக் கழற்றி மாற்றுவதும் அடிக்கடி திருகுவதும் கூடா. சிவப்புப் படர்தல், சூடு, வீக்கம், சீழ், காய்ச்சல் என்பவற்றில் ஒன்று கண்டாலும் வைத்தியரை நாடவேண்டும். தாடை இறுகினாலோ விழுங்க முடியாதிருந்தாலோ ஒருகணமும் தாமதிக்காமற் பெரிய வைத்தியசாலைக்குச் செல்லவேண்டும். 1990 என்ற இலக்கத்துக்கு அழைத்தால் சுவசெரிய அம்புலன்ஸ் இலவசமாக வரும். காயம் எவ்வாறு வந்ததென வைத்தியர் கேட்டால், திட்டுவாரோ என்று அஞ்சாமற் செடில் குத்தியதைக் கூறவேண்டும். அந்த ஒரு சொல் உரிய சிகிச்சைக்கு வழிகாட்டும்.

ஆலயங்களின் கடமை

சிங்கப்பூரில் சிராங்கூன் வீதி ஸ்ரீ ஸ்ரீநிவாசப் பெருமாள் ஆலயத்திலிருந்து டாங் வீதி ஸ்ரீ தெண்டாயுதபாணி ஆலயத்துக்குச் செல்லும் தைப்பூசக் காவடிகள் முன்கூட்டியே பதிவு செய்யப்படுகின்றன. அவ்வொழுங்கு அங்குப் பக்தியைக் குறைத்துவிடவில்லை. கிராமத்து ஆலயங்களிலும் செடில் எடுப்போரின் பெயரையும் ஊசி போட்ட விபரத்தையும் ஒரு கொப்பியிற் பதிந்து வைக்கலாம். நிழற்பந்தலும் மேசையும், கை கழுவ நீரும் சவர்க்காரமும், பாவித்த ஊசிகளை இடத் தடித்த மூடியுள்ள கொள்கலனும் பெரிய செலவை உண்டாக்குவன அல்ல. பொதுச் சுகாதார பரிசோதகருக்கும், திருவிழாக்களில் முதலுதவித் தொண்டாற்றும் சென் ஜோன்ஸ் அம்புலன்ஸ், செஞ்சிலுவைச் சங்கத் தொண்டர்களுக்கும் முற்கூட்டியே ஒரு கடிதம் எழுதினாற் போதும். திருவிழா முடிந்து ஒரு கிழமையின் பின், கொப்பியிலுள்ளவர்களை ஒருமுறை விசாரிப்பதும் ஆலயத் தொண்டேயாகும்.

வேப்பிலையும் மஞ்சளும் நீரும் கொண்டு தூய்மையைப் போற்றும் சமயத்திற் பிறந்தோருக்குச் சுத்தம் புதிய பாடமன்று. அத்தூய்மையைக் கொழுக்கியின் முனைவரையும், காயம் ஆறும் நாள்வரையும் கொண்டுசெல்வதே வேண்டப்படுவது. காவடி எடுத்த அடியார் அடுத்த ஆண்டும் அதே வீதியில், அதே உடல்நலத்தோடு, அதே அரோகரா ஒலியோடு வந்து நிற்கவேண்டும். அதற்கு முருகப்பெருமான் திருவருளும் அடியாரின் சிறிது கவனமும் ஒருங்கே துணைநிற்பதாக.